தோசைக்கல் செக்கிங் மாஸ்டர்

திருப்பூரில் நல்லூர்ப் பக்கம் ஒரு சேதி உலாவிக்கொண்டிருந்தது. கிட்டுசாமி என்கிற ஒருவர் பல்லடம் போகிற பஸ்ஸில் தன் தோசைக்கல்லுக்கு ஜன்னலோர சீட் பிடித்து, அதற்கு அரை டிக்கெட்டும் வாங்கி, வெயில் படுகிறதென்று ஷட்டரையும் இறக்கிவிட்டார் என்பது அந்தச் சேதி. இந்த மாதிரிச் சேதியை அப்படியே நம்புவது பாவம். விசாரிக்காமல் விடுவது அதைவிடப் பெரிய பாவம். விசாரித்தாயிற்று. டீக்கடையில் கேட்டால் முழு டிக்கெட் என்றார்கள். மளிகைக் கடையில் கேட்டால், வழியில் கல்லுக்கு வாந்தி வந்து பஸ்ஸை நிறுத்தியதாகக்கூடச் சொன்னார்கள். கடைசியில் அந்த பஸ்ஸின் கண்டக்டர் நல்லானையே பிடித்துக் கேட்டதில் உண்மை வெளியே வந்தது.

"டிக்கெட்டெல்லாம் இல்லீங்க," என்றார் நல்லான். "மடியிலதானுங்க வெச்சிருந்தார். துண்டுல சுத்தி, நல்லா அணைச்சுப் புடிச்சு. நானு கொழந்தையாக்கும்னு நெனச்சு, எத்தன வயசுங்கன்னு கேட்டுப்போட்டேன். பதினாறுன்னார்."

பதினாறு வயதுக்கு முழு டிக்கெட் அல்லவா? நல்லான் டிக்கெட் பையை எடுத்துக்கொண்டு பஸ் ஏறிவிட்டார்.

ஆக, வாசகரே, சேதி பொய். ஆள் நிஜம். ஆள் என்றால் ஒருவர் இல்லை. இது ஓர் இனம். உலகத்தில் தோசை சுடுகிறவர்கள் உண்டு, தோசை தின்கிறவர்கள் உண்டு. இந்த இரண்டு கூட்டத்துக்கும் நடுவில், அடுப்படி நிலையில் சாய்ந்து கையைக் கட்டிக்கொண்டு, கல்லைப் பற்றி மட்டுமே பேசுகிற மூன்றாவது கூட்டம் ஒன்றும் உண்டு. இவர்களுக்குக் கல்பழக்கிகள் என்று பெயர் வைப்போம். மாட்டைப் பழக்குவார்கள், யானையைப் பழக்குவார்கள், இவர்கள் இரும்பைப் பழக்குகிறார்கள். தோசை சுடமாட்டார்கள். சுடுகிறவரைச் சும்மா விடவும் மாட்டார்கள்.

எப்படி அடையாளம் காண்பது? சுலபம். உங்கள் வீட்டுக்கு வருவார். செருப்பைக் கழற்றுவார். வாங்க, உட்காருங்க என்று நீங்கள் நாற்காலியைத் துடைத்துப் போடுவதற்குள் அடுப்படிக்குள் இருப்பார். அங்கே ஆணியில் தொங்குகிற கல்லைத் தலைசாய்த்துப் பார்த்து, விரல் முட்டியால் ஒரு தட்டுத் தட்டி, அந்தச் சத்தம் அடங்குகிறவரைக்கும் கண்ணை மூடிக்கொண்டிருந்து, பிறகு புறங்கையால் தடவி, தடவிய கையை மூக்குக்குக் கொண்டுபோய் மோந்து, மோந்த மூக்கிலிருந்தே ஒரு பெருமூச்சை விட்டு, ஆஸ்பத்திரியில் பெரிய டாக்டர் சொந்தக்காரர்களைத் தனியாகக் கூப்பிட்டுக் கேட்கிற குரலில் உங்கள் வீட்டு அம்மாளைக் கேட்பார்:

"சோப்புப் போட்டீங்களா?"

போட்டிருந்தால் தொலைந்தீர்கள்.

"கல்லுன்னா என்னன்னு நெனச்சீங்க? குண்டாவா, போசியா? எண்ணெயக் குடிச்சுக் குடிச்சு வளர்றதுங்க அது. அதுக்குப் போயி சோப்புப் போடறது, பால் குடிச்சுட்டுத் தூங்கற புள்ளைய எழுப்பி உக்காரவெச்சு மொட்டை அடிக்கறாப்லீங்க."

இதற்குப் பிறகு சட்டதிட்டங்கள் வரும். புதுக் கல்லை மூன்று நாள் வடிகஞ்சியில் ஊறப்போட வேண்டும். நாலாம் நாள் விளக்கெண்ணெய். அதற்கு மேல் அரை வெங்காயத்தைக் கத்தி நுனியில் குத்தி வட்டம் வட்டமாகத் தேய்க்க வேண்டும். அதுவும் வலமிருந்து இடமாகப் போனால் கல் முரண்டு பிடிக்கும். முதல் மூன்று தோசை காக்காய்க்கு. சப்பாத்தி போட்டால் கல்லின் குணம் மாறும். புளித்தண்ணீர் பட்டால் கல் அழும். கல்லுக்கு முன்னால் எலுமிச்சம்பழத்தின் பேரைக்கூட எடுக்கக் கூடாது.

நல்லூர்க் கிட்டுசாமி இந்த இனத்தின் முதல் தரச் சரக்கு. ஒரு பனியன் கம்பெனியில் இருபத்திரண்டு வருஷம் துணி செக்கிங் பார்த்தவர். விளக்கு மேஜையில் துணியை ஓடவிட்டு, ஓட்டை, கறை, நூல் விட்டுப்போன இடம் என்று கண்டுபிடித்து, ஸ்டிக்கர் ஒட்டி ஒட்டி ஒதுக்கித் தள்ளியவர். வேலையை விட்டு நின்ற பிறகு ஒதுக்கித் தள்ளுவதற்குத் துணி இல்லை. கண்ணும் விரலும் சும்மா இருக்குமா? அடுப்படிக்குள் இறங்கிவிட்டன. "தொட்டாச் சொல்லிப்போடுவேன்" என்பது அவருடைய தாரக மந்திரம். துணியை இரண்டு விரலுக்கு நடுவில் கசக்கி, கண்ணை மூடி, "நூறு பர்சென்ட் காட்டன்" என்று அவர் சொல்லிவிட்டால் அந்தக் காலத்தில் கம்பெனி முதலாளியே மறுபேச்சுப் பேசியதில்லை.

அவருடைய சொந்தக் கல்லுக்குப் பதினாறு வருஷமாகக் குளியல் கிடையாது. எண்ணெய் தடவுவார், துடைப்பார், மறுபடி எண்ணெய் தடவுவார். சப்பாத்திக்குத் தனிக் கல் வாங்கினால் அதன் காற்று இதன் மேல் அடிக்கும் என்பதால் அந்த வீட்டில் சப்பாத்தியே கிடையாது. எண்ணெய் மேல் எண்ணெய் ஏறி அந்தக் கல் கண்ணாடி மாதிரி பளபளத்தது. கண்ணாடியில் தோசை ஊற்றினால் என்ன ஆகும்? அதுதான் ஆயிற்று. மாவு பரவாது. ஊற்றிய இடத்திலேயே குந்திக்கொள்ளும். ஆகவே அந்த வீட்டில் தோசை என்ற பேரில் பதினாறு வருஷமாக நடந்துவந்தது ஊத்தப்பம்.

"அது கல்லோட ஸ்டைலுங்க," என்பார் கிட்டுசாமி.

அந்த ஊத்தப்பத்தைச் சுட்டுச் சுட்டுக் கை காய்த்தவள் அவர் மனைவி தெய்வாத்தாள். அவளிடம் கேட்டால் ஒரே வரியில் முடித்துவிடுவாள்: "இந்த ஊட்டுல குளிக்காமயே மருவாதி வாங்கறது அந்தக் கல்லு ஒண்ணுதானுங்க."

இப்படி அமைதியாக நடந்துகொண்டிருந்த குடும்பத்தில் 2006ஆம் வருஷம் ஒரு சோப்புக்கட்டி வந்து விழுந்தது.

கிட்டுசாமி தன் வீட்டுக்குப் பின்னால் நாலு லைன் வீடு கட்டி வாடகைக்கு விட்டிருந்தார். இரண்டில் கல்யாணமாகாத பையன்கள், அடுப்பே கிடையாது. மூன்றாவது வீடு, குடியிருந்தவர்கள் திருவிழாவுக்குச் சொந்த ஊர் போனதால் பூட்டிக் கிடந்தது. நாலாவதில் பரமக்குடிப் பக்கத்திலிருந்து வந்த வீரணனும் அவன் மனைவி வெள்ளையம்மாளும். வீரணனுக்குப் பனியன் துணி பின்னுகிற மெஷினில் வேலை. அந்த வருஷம் வாரத்தில் மூன்று நாள்தான் மெஷின் ஓடியது. வெள்ளையம்மாள் காலையில் வாசலில் அடுப்பு வைத்து, கம்பெனிக்குப் போகிறவர்களுக்குத் தோசை ஊற்றிக் கொடுப்பாள். அகலமான பெரிய கல். ஒரே ஈட்டில் மூன்று தோசை வரும்.

வியாபாரம் முடிந்ததும் அந்தக் கல்லைக் குழாயடிக்குக் கொண்டுபோய், தேங்காய் நாரும் நீலக் கட்டி சோப்பும் போட்டு, பக்கத்து வீட்டுக்குக் கேட்கிற மாதிரி தேய்ப்பாள். முதல் நாள் இதை மாடியிலிருந்து பார்த்த கிட்டுசாமி நெஞ்சில் கை வைத்துக்கொண்டு கீழே இறங்கி வந்தார்.

"அம்மிணி, ஒரு நல்லதுக்குச் சொல்றனுங்க. கல்லுக்கு சோப்பு ஆவாதுங்க."

"நாலு பேரு திங்கிற கல்லுங்கய்யா. பிசுக்கோட வச்சா ராத்திரி கரப்பானுல்ல வந்து நக்கிட்டுப் போகும்."

"தோசை ஒட்டுமுங்க."

"ஒட்டலையே."

"இன்னிக்கு ஒட்டாது. சேத்து வெச்சு ஒரு நாளைக்கு ஒட்டும்."

அன்றிலிருந்து தினம் காலையில் தெய்வாத்தாளை அனுப்பி ஒரு தோசை வாங்கிவரச் சொல்வார். தின்பதற்கு இல்லை. டியூப்லைட்டுக்கு நேராகத் தூக்கிப் பிடித்து, ஒட்டிய அடையாளம், பிய்ந்த இடம், தீய்ந்த ஓரம் ஏதாவது இருக்கிறதா என்று வரி வரியாகப் பார்ப்பார். இருக்காது. அதன் வழியாக எதிர்ச் சுவரிலிருந்த காலண்டரில் தேதி தெரியும். அத்தனை மெல்லிசு. சோப்புப் போட்ட கல்லில் இப்படித் தோசை வந்தால் இவருடைய பதினாறு வருஷம் என்ன ஆவது? ஒரு விளக்கம் வேண்டுமே. ஒரு வாரம் யோசித்து விளக்கத்தைக் கண்டுபிடித்தார்.

"அது அந்தக் கல்லோட பெருந்தன்மை புள்ள. எத்தன கொடுமை பண்ணுனாலும் வாயத் தொறக்காமத் தாங்கிக்குது."

"அப்ப என்னையாட்டன்னு சொல்லுங்க," என்றாள் தெய்வாத்தாள்.

ஒரு வியாழக்கிழமை சித்ராதேவி வந்தாள். பக்கத்துத் தெருவில் ஒரு தையல் யூனிட்டில் சூப்பர்வைசர். வெள்ளையம்மாளின் அடுப்புக்குப் பக்கத்தில் நின்றபடியே பேசினாள்.

"அக்கா, ஞாயித்துக்கெழம ஷிப்மென்ட் வேலை இருக்குதுங்க. நாப்பது பேரு. ஆளுக்கு ரெண்டு தோசை, ஒரு கரண்டி பொங்கல். ஒம்பது மணிக்கு பெல் அடிக்கறப்ப டேபிள்ல இருக்கோணும். நல்லா இருந்துச்சுன்னா திங்கக்கெழமையில இருந்து டெய்லி ஆர்டர் உங்களுக்குத்தான். லேட்டாச்சுன்னா எங்க சார் ஒத்துக்கமாட்டாரு. வேற ஒரு மெஸ்காரர் தெனம் வந்து கேட்டுட்டு இருக்கறாருங்க."

தினம் நாற்பது பேர். வெள்ளையம்மாள் அன்றைக்கு சாயங்காலமே வீரணனிடம் பேசி முடித்துவிட்டாள். இந்த ஆர்டர் நின்றால் திருப்பூரில் இருப்பது. இல்லாவிட்டால் அடுப்பைத் தூக்கிக்கொண்டு பரமக்குடி பஸ் ஏறுவது. லைன் வீட்டில் சுவர் மெல்லிசு. கிட்டுசாமிக்குக் கேட்டுவிட்டது.

கேட்டதிலிருந்து அவருக்குச் சோறு இறங்கவில்லை. சேர்த்துவைத்து ஒரு நாள் ஒட்டும் என்று சொன்னாரே, அந்த ஒரு நாள் எந்த நாள்? ஞாயிற்றுக்கிழமையேதான். சந்தேகமே இல்லை. நாற்பது பேர் தட்டோடு நிற்க, எண்பது தோசையும் பிய்ந்து பிய்ந்து வருகிற காட்சி அவர் கண்ணுக்கு முன்னால் ஓடியது. ஒரு குடும்பம் ஊரைக் காலி செய்வதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க அவர் என்ன கல்நெஞ்சக்காரரா? கிட்டுசாமிக்குக் கெட்ட எண்ணம் துளிகூடக் கிடையாது. இந்த இனத்தின் ஆபத்தே அதுதான்.

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணிக்கு விளக்கெண்ணெய்ப் புட்டி, அரை வெங்காயம், முந்தின நாள் வேஸ்ட் குடோனிலிருந்து வாங்கிவந்த வெள்ளைப் பனியன் துணி ஒரு பந்து ஆகியவற்றுடன் வெள்ளையம்மாளின் அடுப்புக்கு முன்னால் வந்து நின்றார். அவள் பொங்கலை இறக்கிவைத்துவிட்டு, கல்லைப் போட்டுக் காயவைத்திருந்தாள். லேசாகப் புகை வந்துகொண்டிருந்தது.

"சித்த தள்ளிக்குங்க அம்மிணி. அஞ்சே நிமிசம். கல்லப் பழக்கிக் குடுத்துட்டுப் போயர்றேன்."

"வேணாங்கய்யா, காஞ்சிருச்சு. ஊத்தப் போறேன்."

"காயட்டுமுங்க. நல்லாக் காஞ்சாத்தான் தொடைக்கறப்ப உள்ள இருக்கற சோப்பெல்லாம் வெளிய வரும்."

வாடகை வீட்டில் இருப்பவள், வீட்டுக்காரரைத் தள்ளிப் போகச் சொல்ல முடியுமா? தோசைத் திருப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நகர்ந்து நின்றாள். துணியைப் பார்த்ததும் மட்டும் அவளுக்கு ஒரு சந்தேகம்.

"என்ன துணிங்கய்யா அது? ஒரு மாதிரி மினுமினுன்னு இருக்கு."

கிட்டுசாமி சிரித்தார். துணியை இரண்டு விரலுக்கு நடுவில் எடுத்தார். கண்ணை மூடினார். கசக்கினார். இருபத்திரண்டு வருஷமும் அந்த இரண்டு விரலுக்குள் வந்து உட்கார்ந்தது.

"நூறு பர்சென்ட் காட்டன்."

எண்ணெய் விட்டார். துணியைச் சுருட்டிக் கல்லில் அழுத்தி ஒரு சுற்றுச் சுற்றினார். உஸ்ஸென்றது. இரண்டாவது சுற்றில் துணி கொஞ்சம் தயங்கியது. மூன்றாவது சுற்றில் துணி வரவில்லை. இழுத்தார். சவ்வு மிட்டாய் மாதிரி நீண்டது. விட்டார். சுருங்கிப் போய்க் கல்லில் உட்கார்ந்து, கொதித்து, கறுத்து, கல் முழுக்க வழிந்து பரவியது. பிளாஸ்டிக் நாற்காலியைத் தூக்கி அடுப்பில் போட்ட மாதிரி ஒரு நாற்றம் கிளம்பித் தெருமுனை வரைக்கும் போயிற்று. ஒட்டும், ஒட்டும் என்று சொல்லிக்கொண்டே இருந்தார் அல்லவா? ஒட்டிவிட்டது. தோசை ஒட்டவில்லை. யாரோ வெளிநாட்டுக்காரர் போட்டிருக்க வேண்டிய டி-ஷர்ட்டின் முழு முதுகும் ஒட்டியது.

திருப்பூரில் பால் குடிக்கிற குழந்தைக்கும் தெரிந்த சோதனை ஒன்று உண்டு. துணி காட்டனா, பாலியஸ்டரா என்று சந்தேகம் வந்தால் ஒரு நூலை உருவித் தீக்குச்சியில் காட்ட வேண்டியது. சாம்பலானால் காட்டன். உருகிக் கறுப்பாக மணி கட்டினால் பாலியஸ்டர். நாற்றத்தை மோந்து ஓடிவந்த தெய்வாத்தாள் கல்லைப் பார்த்தாள். புருஷனைப் பார்த்தாள்.

"ஏனுங்க, டெஸ்டிங்குக்கு ஒரு நூலு பத்தாதுங்களா? கல்லு பூராமா வெச்சுக் கொளுத்துவாங்க?"

கிட்டுசாமி குனிந்து, கல்லின் ஓரத்தை உற்றுப் பார்த்தார். "பாலியஸ்டர் கலந்திருக்குது," என்றார் மெதுவாக. "ஒரு முப்பத்தஞ்சு பர்சென்ட் இருக்கும்."

வெள்ளையம்மாள் அடுப்பை அணைத்தாள். திருப்பியால் சுரண்டிப் பார்த்தாள், திருப்பிதான் வளைந்தது. வீரணன் சைக்கிளை எடுத்துக்கொண்டு பாத்திரக்கடை தேடி ஓடினான். ஞாயிற்றுக்கிழமை ஆறேகால் மணிக்கு எந்தப் பாத்திரக்கடை திறந்திருக்கும்? அவனும் சும்மா நிற்க முடியாமல்தான் போனான். வெள்ளையம்மாள் மாவுக் குண்டானுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"உங்க மேல குத்தம் இல்லங்கய்யா," என்றாள். "நாந்தான் கல்ல விட்டு நகந்திருக்கக் கூடாது."

திட்டியிருந்தால்கூடக் கிட்டுசாமி தாங்கியிருப்பார். இருபத்திரண்டு வருஷமாக அடுத்தவர் துணிக்கு ஒட்டிய ஸ்டிக்கர்கள் மொத்தமும் பறந்து வந்து தன் நெற்றியில் ஒட்டிக்கொண்ட மாதிரி இருந்தது அவருக்கு.

அவர் நிமிர்ந்தபோது தெய்வாத்தாள் வீட்டுக்குள்ளிருந்து வந்துகொண்டிருந்தாள். இரண்டு கையிலும் அவருடைய கல்.

"அத எங்க புள்ள தூக்கிட்டு வர்றே?"

"பயப்படாதீங்க, பஸ் ஏத்தறதுக்கில்ல."

கல் அடுப்பில் ஏறியது. காய்ந்தது. வெள்ளையம்மாள் ஒரு கரண்டி மாவை ஊற்றிச் சுற்றினாள். கரண்டி போன இடத்துக்கெல்லாம் மாவும் கூடவே போயிற்று. கல்லில் ஒட்டவே மாட்டேன் என்றது. நின்ற இடத்தில் மாவு குந்திக்கொண்டது. இரண்டாவதும் குந்தியது. மூன்றாவது, கல்லின் ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரத்துக்கு வழுக்கிக்கொண்டு போய் அங்கே குந்தியது.

"இது அதோட ஸ்டைலு," என்று தெய்வாத்தாள் வெள்ளையம்மாளுக்கு அறிமுகம் செய்துவைத்தாள்.

"எண்ணெய் ஏறி வழுக்குதுங்கம்மா. தோசை எழாது." வெள்ளையம்மாளின் கண் அவளை மீறிக் குழாயடிக்குப் போயிற்று. அங்கே திட்டின் மேல் நீலக் கட்டி சோப்பு இருந்தது. தெய்வாத்தாளும் அதைப் பார்த்தாள். கிட்டுசாமியும் பார்த்தார். மணி ஆறரை தாண்டியிருந்தது.

"விடுங்கய்யா," என்றாள் வெள்ளையம்மாள். "உங்க செல்லக் கொஞ்சம் குடுங்க. சித்ராதேவிக்கு இப்பவே சொல்லிப்பிட்டா அந்த மெஸ்காரரையாச்சும் கூப்புட்டுக்குவாக. நாப்பது பேரு பட்டினி கெடக்கக் கூடாதுல்ல."

கிட்டுசாமி சட்டைப் பையில் கையை விட்டார். செல்போன் கையில் பட்டது. எடுத்துக் கொடுத்தால் கல் பிழைத்தது. அவரை யாரும் ஒரு வார்த்தை கேட்கப்போவதும் இல்லை. அதிகம் போனால், அடுத்த மாதம் நாலாவது வீட்டுக்கு 'வாடகைக்கு விடப்படும்' என்று ஒரு அட்டை தொங்கவிட வேண்டியிருக்கும். கையை வெளியே எடுத்தார். வெறுங்கையோடு குழாயடிக்குப் போனார். திரும்பி வரும்போது கையில் சோப்பு இருந்தது. செத்த எலியைப் பிடிக்கிற மாதிரி அதை இரண்டு விரலால் பிடித்திருந்தார்.

"எந்தப் பக்கம் தேய்க்கோணுமுங்க?"

"ரெண்டு பக்கமுந்தாங்கய்யா."

ஒரு பக்கத்தோடு போய்விடும் என்று அவருக்கு ஒரு நப்பாசை இருந்தது.

கல்லை ஆறவைத்து, குழாயடியில் போட்டு, வெள்ளையம்மாள் நாரும் சோப்புமாக ஏறி உட்கார்ந்தாள். கறுப்பாகத் தண்ணீர் ஓடியது. கிட்டுசாமி திரும்பி நிற்கப் பார்த்தார், முடியவில்லை. வாய்க்காலில் போகிறதைப் பார்த்துக்கொண்டே முணுமுணுத்தார்.

"ரெண்டாயிரத்து நாலு போகுது. அந்தா, ரெண்டாயிரம் போகுது. அம்மிணி, சித்த மெதுவா. தொண்ணூத்தேழுல நல்ல எண்ணெய்."

ஏழே கால் மணிக்குக் கல் மறுபடி அடுப்பில் ஏறியது. வெங்காயம் தேய்த்து, ஒரு சொட்டு எண்ணெய். வெள்ளையம்மாள் கரண்டியைச் சுழற்றினாள். மாவு பரவியது. ஓரம் சிவந்தது. திருப்பி உள்ளே போனது. தோசை தானாகக் கிளம்பி வந்தது.

தெய்வாத்தாள் அதையே பார்த்துக்கொண்டு நின்றாள். பதினாறு வருஷமாகத் தன் வீட்டில் இருந்த கல்லில் முதன்முதலாக ஒரு தோசையைப் பார்க்கிறாள். வாய் அடைத்துப்போகாதா?

கிட்டுசாமிக்கு அடைக்கவில்லை. வீட்டுக்குள் ஓடினார். ஒரு மரப்பெட்டியும் தட்டுத் தராசும் கொண்டுவந்தார். பெட்டிக்குள் இருந்தது, துணியின் கனம் பார்ப்பதற்காக, சதுர மீட்டரில் சரியாக நூறில் ஒரு பங்கை வட்டமாக வெட்டி எடுக்கிற கட்டர். கம்பெனியை விட்டு வரும்போது ஞாபகார்த்தமாகக் கொடுத்தது. வெள்ளையம்மாள் ஐயோ என்று வாயெடுப்பதற்குள் அந்த முதல் தோசையின் நட்ட நடுவில் கட்டரை வைத்து ஒரு திருகுத் திருகினார். சுத்தமான வட்டம் ஒன்று கழன்று வந்தது. எடை போட்டார். பதினோரு கிராம்.

"நூத்தால பெருக்குங்க. ஆயிரத்து நூறு ஜிஎஸ்எம்," என்றார்.

அதாவது சதுர மீட்டருக்கு ஒரு கிலோவுக்கு மேல். அந்தக் கனத்தில் பனியன் தைத்தால் போட்டுக்கொண்டவன் எழுந்திருக்க முடியாது. ஆனால் கிட்டுசாமி முகத்தில் இருபத்திரண்டு வருஷத்துத் திருப்தி. "பாஸ்," என்று சொல்லி, வட்டத்தை வாயில் போட்டுக்கொண்டார். சாம்பிளைத் திருப்பிக் கொடுப்பது தொழில் வழக்கம் இல்லை.

எண்பதுக்கு மேல் கூடுதலாக இருந்த மாவு, குந்திய மூன்றோடு தீர்ந்திருந்தது. இன்னொரு தோசைக்கு மாவும் இல்லை, நேரமும் இல்லை. ஒன்பதுக்கு இரண்டு நிமிஷம் இருக்கும்போது வெறுங்கையோடு திரும்பி வந்திருந்த வீரணனின் சைக்கிளில் பொங்கலும் எண்பது தோசையும் கம்பெனி வாசலில் இறங்கின. சித்ராதேவி எண்ணிப் பார்த்தாள். எண்ணிக்கை சரி. நாற்பது பேரும் தின்றார்கள். தட்டு காலியாகிற சத்தம்தான் கேட்டது. அடியில் கிடந்த எண்பதாவது தோசை, தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து வந்திருந்த ராபின் என்கிற டெய்லரின் தட்டில் விழுந்தது. ராபின் அதைத் தூக்கிப் பிடித்து, நடுவிலிருந்த வட்டத்தின் வழியாகச் சித்ராதேவியைப் பார்த்தான்.

"இதென்ன அக்கா, கழுத்து வெட்டியாச்சு, கை தைக்கல?"

திங்கட்கிழமையிலிருந்து ஆர்டர் வெள்ளையம்மாளுக்கே என்று ஆகிவிட்டது. அவளுடைய பெரிய கல்லைக் கொளுத்தி, செங்கல் தூள் போட்டு, சுரண்டி, சோப்புப் போட்டு, வீரணனும் அவளுமாக ஒரு வாரத்தில் மீட்டுவிட்டார்கள். வடை சட்டி, பொங்கல் குண்டான் என்று நாலாவது வீட்டில் இன்றைக்கும் அடுப்பு எரிகிறது. தெய்வாத்தாளும் இப்போது தோசை தின்கிறாள். புருஷன் கையில் எந்தத் துணியைக் கொடுத்தாலும் கூடவே ஒரு தீப்பெட்டியும் கொடுக்கிறாள்.

கிட்டுசாமி திருந்திவிட்டாரா என்றுதானே கேட்கிறீர்கள்? போன வாரம் திருப்பூருக்குள்ளேயே ராயபுரத்தில் ஒரு வீட்டுக்குப் போயிருந்தார். செருப்பைக் கழற்றினார். அடுப்படிக்குள் போனார். தட்டினார், தடவினார், மோந்தார், பெருமூச்சு விட்டார்.

"சோப்புப் போட்டீங்களா?"

"ஐயோ, போடவே மாட்டமுங்க," என்றாள் அந்த வீட்டு அம்மாள், பெருமையாக.

தொலைந்தாள்.

"கல்லுன்னா என்னன்னு நெனச்சீங்க? பதினாறு வருசம் குளிக்காத மனுசன் கையில நீங்க வாங்கித் திம்பீங்களா? நானு எத்தனையோ வருசமாச் சொல்லிட்டு வர்றனுங்க, கேக்கறதுக்குத்தான் ஆளில்லை."

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். ஆனால் வாசகரே, மேலே விளக்கெண்ணெய் என்று வந்தபோது 'அது எப்படி, நல்லெண்ணெய் அல்லவா' என்று உங்கள் உதடு லேசாக அசைந்ததே, அது எதற்கு? வெங்காயத்தை இடமிருந்து வலமாகத் தேய்ப்பதா, வலமிருந்து இடமாகவா என்று கை காற்றில் ஒரு வட்டம் போட்டதே? பத்தி முடிவதற்குள் எழுந்து போய் உங்கள் வீட்டுக் கல்லை ஒரு பார்வை பார்த்துவிட்டு வந்தவர்கள், அப்படியே வலது கை விரல் முட்டியையும் பார்த்துக்கொள்வது நல்லது. அங்கே சின்னதாகக் காய்ப்பு எதுவும் தெரிந்தால் கொஞ்ச நாளைக்கு உறவினர் வீடுகளுக்குப் போகாதீர்கள். அவர்கள் நல்லா இருக்கட்டும்.

ராபின் விவகாரம் மட்டும் தீரவில்லை. கம்பெனி வாசலில் கிட்டுசாமியின் டிவிஎஸ்ஸைக் கண்டால் போதும், பையன் குறுக்கே வந்து நிற்கிறான்.

"அண்ணாச்சி, என் தோசையில நடுவுல உள்ளது எப்ப வரும்?"

"குடுத்தர்லாம் கண்ணு. ஆனா வேற தோசையில வெட்டிக் குடுத்தா ஷேடு மாறிப்போகுமல்ல. அந்த லாட்டு மாவு முடிஞ்சுபோச்சு."

"எனக்குப் பசி அந்த லாட்டுலயே நிக்குது அண்ணாச்சி."

கிட்டுசாமி வண்டியைக் கிளப்பினார். பதினோரு கிராம், இன்னும் பாக்கி.